எங்கள் கட்டடத்து ஜெர்மன்காரி

லா சப்பலில் என்னோடு வளர்ந்து, இப்போது முழங்காலுக்கும் பிரஷருக்கும் மருந்து எடுக்கிற உங்களுக்காகத்தான் இதை எழுதுகிறேன். மற்றவர்களுக்கென்றால் பாரிஸில் தலைக்கு மேலே மெட்ரோ ஓடுகிற பாலத்தில் தொடங்கி, மழை நாளில் கறித்தூள் வாசமும் ஈரக் கோட்டின் வாசமும் ஒன்றாகப் படியேறி வருவது வரைக்கும் விளக்கிச் சொல்ல வேண்டும். உங்களுக்கு அது வேண்டாம். ஆனால் எங்கள் கட்டடத்தின் ஜெர்மன்காரியைப் பற்றி உங்களுக்குத் தெரிந்ததெல்லாம் தப்பு. பத்து வயதில் வந்த அந்த ஒரு வசந்தகாலம் வரைக்கும் எனக்கும் தப்பாகத்தான் தெரிந்திருந்தது.

அவர் எங்கள் கட்டடத்துக் கார்டியன். படி கழுவுவது, குப்பைத் தொட்டிகளைத் தெருவுக்கு இழுத்து வைப்பது, தபால்களை வீடு வீடாகக் கொடுப்பது எல்லாம் அவர் வேலை. வெளிக்கதவுக்குப் பக்கத்தில், லோஜ் என்று சொல்கிற ஒற்றை அறையில் இருந்தார். நேரில் எல்லோரும் மதாம் என்போம். முதுகுக்குப் பின்னால் ஜெர்மன்காரி. இடது கால் முழங்காலுக்குக் கீழே கொஞ்சம் வெளிப்பக்கமாக வளைந்திருக்கும். நடக்கும்போது அந்தக் கால் அவரை விட்டுவிட்டு வேறெங்கோ போகப் பார்ப்பது போல இருக்கும். படி கழுவக் குனிந்தால் நீலப்பூப் போட்ட மேலங்கி உயரும். அப்போது முழங்கால்களில் தோலுக்கு அடியில் கடுகு தூவியது போலக் கறுப்புப் புள்ளிகள் தெரியும். அது தொற்று வியாதி என்று நாங்கள் அவர் கழுவிய படியில் கை வைக்க மாட்டோம்.

பெரியவர்களுக்கு வேறு கதைகள் இருந்தன. உலகப்போரில் குண்டு பட்ட கால் என்றார் ஒருவர். சிறை மதிலில் இருந்து குதித்தவள் என்றார் இன்னொருவர். போர் முடிந்தபோது அவருக்கு ஐந்து வயது என்பதை யாரும் கணக்குப் போட்டுப் பார்க்கவில்லை. அந்த வசந்தத்துக்கு முந்தின குளிர்காலத்தில் நாலாம் மாடிக்குப் பொலிஸ் வந்து, வதிவிடப் பேப்பர் இல்லாத இரண்டு பேரைக் கூட்டிக்கொண்டு போனது. லோஜின் வலைத்திரைக்குப் பின்னால் இருந்து வருகிற போகிற எல்லோரையும் பார்க்கிறவள் வேறு யார், அவள்தான் பொலிஸுக்குச் சொல்லிக் கொடுத்திருப்பாள் என்று முடிவானது. எங்கள் ஆட்களுக்குள் நடந்த ஒரு சண்டையில், எங்கள் ஆள் ஒருவரே சொல்லிக் கொடுத்தார் என்பது பல வருடங்களுக்குப் பிறகு வெளிவந்தது. அதற்குள் மதாம் முகத்தைப் பார்த்து வணக்கம் சொல்லாமலே எத்தனை பேர் வீடு மாறிப் போய்விட்டார்கள்.

முற்றத்துச் சுவரில் ஒரு தகரப் பலகை இருந்தது, பந்து விளையாடக் கூடாது என்று. அதை அடித்து வைத்தவரும் மதாம்தான். எங்களுக்கு அவரைப் பிடிக்காமல் போக அது ஒன்றே போதும்.

அம்மாவைப் பற்றிச் சொல்ல வேண்டும். அப்பா எங்களுக்கு ஐந்து வருடம் முந்தி வந்தவர். பேப்பர் கிடைத்த பிறகு எங்களைக் கூப்பிட்டார். ரெஸ்டோரண்ட் ஒன்றில் சட்டி கழுவினார். மத்தியானம் போனால் நான் தூங்கிய பிறகு வருவார். காலையில் என் தலையைத் தடவும்போது அவர் கையில் எலுமிச்சைச் சவர்க்கார வாசம் இருக்கும், விரல் இடுக்குகள் வெடித்திருக்கும். நாங்கள் வந்த முதல் வருடம் அம்மா எல்லாம் செய்தார். இரண்டாவது குளிர்காலத்தில் ஒவ்வொன்றாக நிறுத்தினார். முதலில் ஞாயிற்றுக்கிழமை மாதா கோயில் பூசைக்கு வருவதை. பிறகு கடைக்குப் போவதை. பிறகு தலை வாருவதை. நான் பள்ளிக்கூடத்தால் வரும்போது யன்னலோரம் உட்கார்ந்திருப்பார், விளக்குப் போட்டிருக்க மாட்டார். பக்கத்தில் காலையில் ஊற்றிய தேத்தண்ணி ஆடை கட்டி இருக்கும்.

"கொம்மாவுக்குக் குளிர் ஒத்துவரேல்லை" என்றார் அப்பா. செபம் சொல்லுகிறவர்கள் வந்து தலையில் கை வைத்துச் செபித்தார்கள். யாரோ கறுப்புக் கயிறு கட்டச் சொன்னார்கள். அது ஒரு நோய், அதற்குப் பெயரும் மருந்தும் உண்டு என்று சொல்ல எங்கள் வட்டத்தில் அப்போது ஆள் இல்லை. கடைசியில் அப்பா ஒரு முடிவு எடுத்தார். ஊருக்கு அனுப்ப முடியாது, அங்கே சண்டை. திருச்சியில் அகதியாக இருந்த மாமா வீட்டுக்கு, அம்மாவின் அண்ணை வீட்டுக்கு, பள்ளிக்கூடம் விட்டதும் அம்மாவையும் என்னையும் அனுப்பிவிடுவது. அம்மா தேறும் வரைக்கும் என்றார். ஐந்து வருடம் அப்பா இல்லாமல் இருந்தவள் நான். அந்த 'வரைக்கும்' எவ்வளவு நீளமாகக் கூடும் என்று எனக்குத் தெரியும். அம்மா மறுத்து ஒன்றும் சொல்லவில்லை. அப்பாவுக்கு அதுதான் பயமாக இருந்திருக்க வேண்டும். இப்போது அப்படித்தான் எனக்குப் படுகிறது. அப்போது, எங்களைத் துரத்தப் பார்க்கிறார் என்று அவரோடு கோபமாக இருந்தேன்.

ஏப்ரல் மாதம், ஒரு புதன்கிழமை. பள்ளிக்கூடம் இல்லை. வீட்டில் பாண் ரொட்டி முடிந்துவிட்டது, என்னைத் தனியே தெருவுக்கு அனுப்ப அம்மாவுக்கு மனமில்லை. கோட்டை இரவு உடுப்புக்கு மேலேயே போட்டுக்கொண்டு என்னோடு இறங்கி வந்தார். திரும்பி வரும்போது முற்றத்தில் பொடியன்கள் பந்து அடித்துக்கொண்டிருந்தார்கள். மதாம் தெருவில் குப்பைத் தொட்டியோடு நின்ற நேரம் பார்த்துத் தொடங்கியிருக்க வேண்டும். ஒருவன் அடித்த பந்து சுவரில் பட்டு எங்கள் தலைக்கு மேலே வந்தது. நான் குனிந்துவிட்டேன்.

அம்மா பாண் பையைப் போட்டுவிட்டு மேலே எழும்பினார். இரண்டு கையாலும் பந்தைப் பிடித்து, ஒரு காலில் இறங்கினார். மற்றக் கால் நிலத்தில் படவில்லை. அப்படியே, ஒற்றைக் காலில் ஆடாமல் அசையாமல் நின்று, தலையை இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் திருப்பி யாரையோ தேடினார். நான்தான் அகப்பட்டேன். நெஞ்சுக்கு நேரே வைத்து எறிந்த பந்து என் வயிற்றில் வந்து அடித்தது. மூச்சு நின்றுபோனது.

பிறகு அம்மாவுக்கு வெட்கம் வந்துவிட்டது. கோட்டை இழுத்து மூடினார். பொடியன்கள் ஓடிவிட்டார்கள், ஏனென்றால் வாசலில் மதாம் நின்றார். நான் திட்டு வாங்கத் தயாரானேன். மதாம் பந்தைப் பற்றி ஒன்றும் கேட்கவில்லை. உன் அம்மா எங்கே விளையாடினார் என்று என்னிடம் கேட்டார்.

நான் கேள்வியை அம்மாவிடம் சொன்னேன். அம்மா வெகு நேரம் யோசித்தார், அது வேறு யாருடையதோ வாழ்க்கை போல.

"கொன்வென்ட்டிலை வலைப்பந்து விளையாடினனான் எண்டு சொல்லு. கோல் டிபென்ஸ்."

வலைப்பந்துக்குப் பிரெஞ்சில் என்ன என்று எனக்குத் தெரியவில்லை. பெண்கள் விளையாடுகிற ஒரு பந்து, உயரத்தில் வளையம் இருக்கும், அம்மா எதிர்ப்பக்கத்து ஆட்களைப் போடவிடாமல் தடுக்கிறவர் என்று எனக்குத் தெரிந்த மாதிரி சொன்னேன். மதாம் கையில் இருந்த, கூட்டுகிற தும்புத்தடியைச் சுவரில் சாத்தினார். விரலைத் தன் நெஞ்சில் வைத்தார்.

"நானும்தான்" என்றார். "கால்பந்து. இடது பக்கம், பின்னால்."

அன்றைக்கே எங்களை லோஜுக்குள் கூப்பிட்டார். அந்த அறை எப்படி இருக்கும் என்று பல நாள் கற்பனை செய்திருக்கிறேன். உள்ளே கோப்பியும் மண்ணெண்ணெயும் மணத்தன. ஒரு கட்டில், ஒரு மேசை, இறந்துபோன கணவரின் ரயில்வேத் தொப்பி. சுவரில் ஒரே ஒரு படம். வெள்ளைச் சட்டையும் காற்சட்டையும் போட்ட பதினொரு பெண்கள், பின்வரிசை நின்றபடி, முன்வரிசை முழங்காலிட்டபடி. சட்டையில் எந்தக் கழகத்தின் சின்னமும் இல்லை. அது ஏன் என்று அம்மா கேட்டார். அதற்கான பதில்தான் மதாமின் முழுக் கதையும். அதை ஒரே நாளில் சொல்லி முடிக்கவில்லை. நானும் வீட்டுப்பாடம் செய்துகொண்டே மொழிபெயர்த்ததில் எவ்வளவு தவறவிட்டேனோ.

ஜெர்மனியில் நிலக்கரி வெட்டுகிற ஊர் ஒன்றில் பிறந்தவர். தகப்பனுக்குச் சுரங்கத்தில் வேலை. போர் முடிந்து இடிந்து கிடந்த தெருக்களில் அண்ணனோடு கந்தல் பந்து அடித்துப் பழகியிருக்கிறார். பதினேழு வயதில், பகலில் சலவைத் தொழிற்சாலையில் வேலை செய்துகொண்டு, பெண்களின் அணி ஒன்றில் சேர்ந்தார். அப்போது அவர்கள் நாட்டில் பெண்கள் கால்பந்து ஆட எந்தக் கழகமும் மைதானம் கொடுக்கக் கூடாது என்று கால்பந்துச் சங்கம் தடை போட்டிருந்தது. பெண்ணின் உடம்புக்கும் அழகுக்கும் கேடு என்று காரணம் சொன்னார்கள். அதனால் சுரங்கத்துக்குப் பின்னால், கரிச்சாம்பல் கொட்டிய வெளியில் விளையாடினார்கள். விழுந்தால் சாம்பல் தோலைக் கிழித்து உள்ளே போகும். கழுவினால் முழுக்க வராது. முழங்காலில் இருந்த கறுப்புப் புள்ளிகள் அவைதான். மதாம் மேலங்கியை உயர்த்தி எனக்குக் காட்டினார். நான் விரலால் தொட்டேன். தோல் வழுவழுப்பாகத்தான் இருந்தது.

சில இடங்களில் பொலிஸ் வந்து துரத்துமாம். சட்டையை மாற்ற நேரமில்லாமல் அப்படியே டிராமில் ஏறி வீட்டுக்குப் போவார்களாம். ஒருமுறை ஒரு பெரிய நகரத்தில், சங்கத்தின் பேச்சைக் கேட்காமல் நகரசபையே தன் மைதானத்தைக் கொடுத்தது. எதிரே ஹொலண்ட் நாட்டுப் பெண்கள். சிரித்துவிட்டுப் போகலாம் என்று வந்த கூட்டம், மழை வந்தும் கலையவில்லை. அதுதான் தன் வாழ்க்கையின் நல்ல நாள் என்றார். அன்றைக்குத் தன் பக்கத்தால் ஒருத்தியும் உள்ளே போகவில்லை என்றார். அந்த ஆட்டம் எந்தக் கணக்கிலும் இல்லை. நாட்டுக்காக ஆடினார் என்று யாரும் எழுதி வைக்கவில்லை.

இருபத்தாறோ ஏழோ வயதில் அந்த அணி பிரான்சுக்கு வந்தது. வடக்கே ஒரு சுரங்க ஊரின் திருவிழாவில் வேடிக்கை ஆட்டம். ஈரப் புல்லில் வழுக்கி வந்த ஒருத்தியின் காலும் மதாமின் காலும் மோதி, எலும்பு முறிந்தது. அணி ஊர் திரும்பிவிட்டது, இவர் ஆஸ்பத்திரியில் கிடந்தார். எலும்பைச் சரியாகப் பொருத்தவில்லை. திருவிழாவுக்கு வந்திருந்த ரயில்வேக்காரர் ஒருவர்தான் ஸ்ட்ரெச்சரின் ஒரு முனையைப் பிடித்து வண்டியில் ஏற்றியவர். ஞாயிறுதோறும் வந்து பார்த்தார். பிறகு கலியாணம் செய்துகொண்டார். அவருக்குப் பாரிஸுக்கு மாற்றல் வந்தது. பிள்ளைகள் இல்லை. அவர் போன பிறகு மதாமுக்கு இந்த லோஜ். கால் முறிந்து சில வருடங்களில் அந்தத் தடையையும் எடுத்துவிட்டார்களாம்.

"தடையை எடுத்த நாள் ரேடியோவிலை கேட்டவவோ? அழுதவவோ எண்டு கேள்" என்றார் அம்மா.

கேட்டேன். மதாம் கோப்பியைக் குடித்து முடித்துவிட்டுச் சொன்னார். அப்போது அவருக்கு முப்பது வயது, கால் இப்படி ஆகிவிட்டது. அது ஒரு சனிக்கிழமை. சனிக்கிழமை, அவர்கள் அப்போது இருந்த வீட்டின் படி கழுவுகிற நாள். ஆகவே படி கழுவினார்.

அம்மா எழும்பினார். மேசையில் இருந்த மதாமின் கோப்பையை எடுத்துப்போய்க் கழுவி வைத்தார். பல மாதங்களாக எங்கள் வீட்டுக் கோப்பைகளைக் கழுவியது நான்தான்.

அதன் பிறகு நான் பள்ளிக்கூடத்தால் வரும்போது அம்மா யன்னலோரம் இல்லாத நாட்கள் வரத் தொடங்கின. லோஜில் இருப்பார். நான் இல்லாத நேரத்தில் அவர்கள் என்ன பேசினார்கள், எந்த மொழியில் பேசினார்கள் என்று எனக்குத் தெரியாது. ஒருநாள் மேசை முழுக்க உருளைக்கிழங்கும் வெங்காயமும் பரப்பியிருந்தன. ஆளுக்குப் பதில் காய். வலைப்பந்தில் யார் எந்தக் கோட்டுக்குள் நிற்கலாம் என்று அம்மா வெங்காயத்தை நகர்த்திக் காட்டினார். மதாம் உருளைக்கிழங்கை நகர்த்தி மறுத்தார். பிறகு அவற்றையே வெட்டிக் கறி வைத்தார்கள்.

அப்பாவுக்கு இது பிடிக்கவில்லை. பொலிஸுக்குச் சொல்லிக் கொடுக்கிறவளோடு என்ன பழக்கம் என்று கேட்டார். அம்மா போவதை நிறுத்தவில்லை. அம்மா தானாக ஒன்றைச் செய்வதைப் பார்த்து அப்பா அதற்கு மேல் தடுக்கத் துணியவில்லை என்று நினைக்கிறேன்.

ஜூன் மாதம், பாரிஸுக்கு வெளியே ஸ்தேனில் எங்கள் ஊர்ச் சங்கத்தின் விளையாட்டு விழா. உங்களில் பாதிப் பேர் அங்கே கொத்துரொட்டிக்கு வரிசையில் நின்றிருப்பீர்கள். ஆண்களுக்குக் கால்பந்து, காலை தொடங்கி இருட்டும் வரை. பெண்களுக்குத் தேசிக்காயைக் கரண்டியில் வைத்து ஓடுவது, சங்கீதக் கதிரை. அப்பா சங்கத்தில் இருந்தார். ஒரு காலை அம்மா அவருக்குத் தேத்தண்ணி கொடுத்துவிட்டுக் கேட்டார்.

"இஞ்சேருங்கோ, பொம்பிளையளுக்கு ஒரு வலைப்பந்து வைக்கேலாதோ?"

"உமக்குப் படியிறங்கவே ஏலாமல் கிடந்தது. இப்ப விளையாட்டோ?" அப்பா கேலியாகச் சொல்லவில்லை. நிசமாகவே கவலைப்பட்டார். ஆனாலும் சங்கத் தலைவரிடம் கேட்டார். நேரம் இல்லை, கம்பம் இல்லை, ஆடத் தெரிந்த பெண்களும் இல்லை என்று பதில் வந்தது.

இதை நான் மதாமிடம் சொன்னேன். அவருக்குக் கோபம் வரும் என்று எதிர்பார்த்தேன். அவரோ, ஆண்கள் எத்தனை மணிக்கு வருவார்கள் என்று கேட்டார். நாங்கள் ஒருநாளும் மைதானத்தைக் கேட்டதில்லை, யாருக்கும் வேண்டாத நேரத்தைக் கேட்டோம் என்றார். அம்மா இரண்டாவது முறை அப்பாவிடம், விழா தொடங்க முந்தின ஒரு மணித்தியாலம் போதும் என்றார். கூடாது என்று சொல்லத் தலைவருக்குக் காரணம் கிடைக்கவில்லை. பக்கத்து ஊரான செவ்ரானிலும் இப்படி ஆடத் தெரிந்த பெண்கள் இருப்பதாகவும், அவர்கள் எதிரணியாக வருவதாகவும் கேள்விப்பட்டபோது, அம்மா தலை வாரிப் பின்னலை இறுக்கி முடிந்திருந்தார். அது மட்டும் எனக்கு நல்ல ஞாபகம்.

ஆட்களை அம்மாதான் சேர்த்தார். அவர் கடைகளுக்குள் போனதும், நின்று கதைத்ததும் அந்த நாட்களில்தான். மரக்கறிக் கடையில் நின்ற அக்கா ஒருவர் ஊரில் கோல் கீப்பராக ஆடியவர். பிள்ளைத்தாய்ச்சிக் காலம் முடிந்து உடம்பு பெருத்திருந்த மற்றவர்களும், முதலில் சிரித்து, பிறகு கணவன்மாரிடம் கேட்டுச் சொல்கிறோம் என்று சொல்லி, கடைசியில் கேட்காமலே வந்தார்கள். ஏழு பேர் ஆனார்கள். கம்பத்தை மதாம் செய்தார். நிலவறையில் கிடந்த தண்ணீர்க் குழாய், வெயில் குடை நடுகிற சீமெந்து அடிக்கட்டை, யாரோ விட்டுப்போன சின்னப்பிள்ளைச் சைக்கிளின் சக்கர வளையம். கம்பிகளை ஒவ்வொன்றாகக் கழற்றியது நான். அந்த வளையம் பிறகு எங்கே போனது என்று தெரியவில்லை. இப்போது கிடைத்தால் வரவேற்பறையில் மாட்டி வைப்பேன்.

பயிற்சிக்கு இடம் முற்றம்தான். முதல் நாள் மதாம் திருகாணி முடுக்கியோடு வந்து, பந்து விளையாடக் கூடாது என்ற பலகையைத் தானே கழற்றினார். இரண்டாம் மாடிக் கிழவர் யன்னலைத் திறந்து சத்தம் போட்டார். மதாம் நிமிர்ந்து அவரிடம் என்ன சொன்னாரோ, யன்னல் மூடிக்கொண்டது. பொடியன்கள் படிகளில் உட்கார்ந்து தங்கள் தாய்மார் ஓடுவதைப் பார்த்தார்கள். மதாம் விளையாடவில்லை. சுவரோரம் கதிரையில் இருந்து பார்த்தார். யாராவது பந்தையே பார்த்துக்கொண்டு நின்றால் நாக்கைத் தட்டிச் சத்தம் செய்வார்.

விழாவன்று ஸ்தேனுக்கு முதல் பஸ்ஸில் போனோம். புல் நனைந்திருந்தது. சுண்ணாம்புக் கோடு போட வந்தவர்களும், கொத்துரொட்டிக்காரரும், கணவன்மார் சிலரும்தான் கூட்டம். அப்பா கைகளைக் கோட்டுப் பைக்குள் விட்டபடி தூரத்தில் நின்றார். மதாமும் வந்திருந்தார், கணவரின் ரயில்வேக் காற்சட்டை போட்டுக்கொண்டு. செவ்ரான் பெண்கள் மற்றப் பக்கத்துக் கம்பத்தை நட்டுவிட்டு, பச்சைச் சட்டையில் தயாராக நின்றார்கள். எங்களில் ஆறு பேர்தான். கடை அக்காவின் பிள்ளைக்கு இரவு முழுக்கக் காய்ச்சல், அவரால் வர முடியவில்லை என்று கணவர் வந்து சொன்னார்.

ஆறு பேரோடு ஆட முடியாது, விட்டுவிடுவோம் என்று யாரோ சொன்னார்கள். அம்மா பந்தை வைத்துக்கொண்டு அசையாமல் நின்றார். அந்த முகம் எனக்குத் தெரியும். யன்னலோரத்து முகம். அது திரும்பி வந்துகொண்டிருந்தது. பிறகு அம்மா நடந்துபோய் மதாமின் கையைப் பிடித்தார். மதாம் தன் காலைப் பார்த்தார், கம்பத்தைப் பார்த்தார். கோல் கீப்பர் என்றால் தன் வட்டத்தை விட்டு அதிக தூரம் ஓட வேண்டியதில்லை. மேலங்கியைக் கழற்றி என் கையில் தந்தார்.

அதற்குள் தலைவர் வந்துவிட்டார். இது ஊர்ச் சங்கத்து விழா, வெளியாள் எப்படி விளையாடலாம் என்றார். வெள்ளைக்காரியை இறக்கினால் நாளைக்கு மற்றவர்களும் கேட்பார்கள் என்றார். எல்லோரும் ஒருவரையொருவர் பார்த்தார்கள். அப்பா பைக்குள் இருந்த கையை எடுக்காமலே நடந்து வந்தார். இத்தனை மாதமும் மதாமுக்கு ஒரு வணக்கம் சொல்லாதவர்.

"அவ வெளியாள் இல்லை அண்ணை. எங்கடை வீட்டு ஆள்" என்றார். சொல்லிவிட்டு மறுபடியும் போய்ப் பழைய இடத்தில் நின்றார்.

ஆட்டத்தை எப்படிச் சொல்வது. மதாமுக்கு வலைப்பந்து தெரியும், உருளைக்கிழங்கில் படித்தது. உடம்புக்குத் தெரியவில்லை. வலைப்பந்தில் எதிராளி மேல் முட்டக் கூடாது. மூன்றடி தள்ளி நின்று கையை மட்டும் உயர்த்தலாம். மதாமோ பந்து வந்தவுடனே தோளைக் கொடுத்துவிடுவார். விசில். மறுபடி தோள். மறுபடி விசில். செவ்ரான் பெண்கள் முதலில் கோபப்பட்டு, பிறகு சிரிப்பை அடக்க முடியாமல் நின்றார்கள். மதாம் ஒவ்வொரு விசிலுக்கும் பள்ளிக்கூடப் பிள்ளை மாதிரிக் கையை உயர்த்தி ஒத்துக்கொண்டார். நான் கோட்டுக்கு வெளியே நின்று மூன்றடி, மூன்றடி என்று பிரெஞ்சில் கத்தினேன். அவருக்குக் கேட்கவில்லை. அப்போது அம்மா திரும்பி,

"மதாம், பா தூஷே!" என்றார். தொடக் கூடாது என்று.

அம்மா நேராகப் பிரெஞ்சு பேசி நான் கேட்டது அதுதான் முதல் தடவை. மதாம் தலையாட்டினார். அதற்குப் பிறகு அவர் முட்டவில்லை. வேறொன்று செய்தார். எறிகிற பெண் எங்கே நிற்க விரும்புவாளோ அந்த இடத்தில் அவளுக்கு முன்னமே போய் நின்றார். வளைந்த காலால் இரண்டே எட்டு. அந்தப் பெண் வேறு இடம் தேடுவாள், அங்கே அம்மா இருப்பார். கடைசியாக ஒரு பந்து உயரமாக வந்தது. மதாமால் குதிக்க முடியாது. விரல் நுனியால் தட்டிவிட்டார். அது போன பக்கம் அம்மா எழும்பிப் பிடித்து, ஒற்றைக் காலில் இறங்கி நின்றார். கொத்துரொட்டிக்காரர் தகட்டில் கரண்டியால் அடித்தார்.

நாங்கள் தோற்றோம். அதைப் பற்றி யாரும் கவலைப்பட்டதாக எனக்கு நினைவில்லை. அம்மா புல்லில் உட்கார்ந்து, முழங்காலைக் கட்டிக்கொண்டு, மூச்சு வாங்க வாங்கச் சிரித்தார். மதாம் அழுதார். படி கழுவிய அந்தச் சனிக்கிழமைக்கும் சேர்த்து அழுதாரோ என்று இப்போது தோன்றுகிறது. அப்போது கால் வலிக்கிறதாக்கும் என்று நினைத்து, குளிர்பானக் கடையில் ஐஸ் வாங்கிக் கொண்டுபோய்க் கொடுத்தேன்.

பஸ்ஸில் அப்பா மதாமுக்கு இருக்கை பிடித்துக் கொடுத்துவிட்டு நின்றுகொண்டே வந்தார். இரண்டு நாளுக்குப் பிறகு, அம்மா முழங்காலுக்கு நல்லெண்ணெய் தடவிக்கொண்டிருந்தபோது, வேலைக்குப் போகச் சப்பாத்தின் நாடாவைக் கட்டியபடி சொன்னார்.

"திருச்சிக்கு ரெலிபோன் எடுத்தனான். நீங்கள் வரேல்லை எண்டு சொல்லிப்போட்டன்."

"ஓம்" என்றார் அம்மா. எண்ணெய் தடவுவதை நிறுத்தவில்லை.

அதோடு அம்மா சுகமாகிவிட்டார் என்று சொன்னால் பொய். அடுத்த குளிர்காலமும் இருண்டுதான் வந்தது. அதற்குப் பிறகு டொக்டரிடமும் போனோம், மருந்தும் எடுத்தார். மதாம்தான் கூட்டிக்கொண்டு போனார், அப்பா லீவு எடுத்து என்னையும் இழுத்துக்கொண்டு பின்னால் வந்தார். ஆனால் இருண்ட நாளிலும் அம்மா கோட்டைப் போட்டுக்கொண்டு ஐந்து மாடி இறங்கி லோஜுக்குப் போவார். சில நாள் இருவரும் பேசாமல் இருந்திருக்கிறார்கள், மதாம் சட்டைக்குப் பொத்தான் தைத்துக்கொண்டு, அம்மா சும்மா. அந்த மௌனத்துக்கு நான் யாருக்கு நன்றி சொல்வது என்று தெரியாமல்தான் இவ்வளவும் எழுதினேன். ஒரு தாயோடு வளர்ந்தேன், ஒரு தகப்பனோடும் வளர்ந்தேன், ஒரே வீட்டில். நம்மில் எல்லோருக்கும் அது வாய்க்கவில்லை.

மதாம் ஓய்வு பெற்றதும் கட்டடத்தில் கார்டியன் வேலையே இல்லாமல் போய், கதவுக்கு இலக்கம் அழுத்துகிற பெட்டி வந்தது. லோஜை இடித்துச் சைக்கிள் நிறுத்துமிடம் ஆக்கினார்கள். நாங்கள் புறநகரில் வில்லியே லே பெல்லுக்குக் குடி போனோம். அம்மா விசாரித்து அலைந்து, பக்கத்து ஊர் முதியோர் இல்லத்தில் மதாமுக்கு ஓர் அறை கிடைக்க வைத்தார். அப்பா இருந்த வரைக்கும் நத்தார்ப் பண்டிகைக்கு அவரே கேக் கொண்டுபோய்க் கொடுப்பார். அம்மாவுக்கு இப்போது எழுபது ஆகப் போகிறது. வாரத்தில் இரண்டு நாள் பஸ் எடுத்துப் போய் வருவார்.

போன மாதம் மதாமுக்கு நெஞ்சுச் சளி கூடி, படுக்கையில் இருந்து எழும்ப முடியவில்லை. நான் அம்மாவைக் காரில் கூட்டிக்கொண்டு போனேன். வரவேற்பில் புதிதாக வந்த பெண் இருந்தாள். குடும்பத்தவர்கள் மட்டும்தான் இப்போது மேலே போகலாம், நீங்கள் அவருக்கு என்ன உறவு என்று கேட்டாள். நல்ல பிள்ளை, சட்டத்தைத்தான் சொன்னாள். நான் விளக்கம் சொல்ல வாய் திறந்தேன். அம்மா என் கையைத் தள்ளிவிட்டு, மேசையில் இரண்டு கையையும் ஊன்றி, தன்னுடைய பிரெஞ்சில் சொன்னார்.

"நாங்கள் ஒன்றாக விளையாடியவர்கள். அவர் கீப்பர். நான் டிபென்ஸ்."

அந்தப் பெண் அம்மாவின் வெள்ளைக் கொண்டையையும் சேலையையும் ஒருமுறை பார்த்தாள். பிறகு எழும்பி வந்து லிஃப்டின் கதவைப் பிடித்துக்கொண்டு நின்றாள், அம்மா உள்ளே போகும் வரைக்கும்.